ரோம்காரர் வருவாரா?

பஸ் நின்று இருபது நிமிடம் ஆகிவிட்டது. முன்னால் எத்தனை வண்டி நிற்கிறது என்று எண்ண முடியாது. சாயங்கால வெயில் ஜன்னல் வழியாக வந்து சீட்டின் ரெக்ஸினைச் சுட்டுக்கொண்டிருந்தது. ஏசி காற்றை விடத் தண்ணீரைத்தான் அதிகம் விட்டது. முன் சீட்டின் கம்பியில் யாரோ காயப்போட்டிருந்த துண்டிலிருந்து வியர்வையும் இரும்புத் துருவும் கலந்த வாசனை வந்தது.

ஆனாலும் யாரும் தூங்கவில்லை. காலையிலிருந்து வெயிலில் சாரம் கட்டிக் களைத்துப்போன முப்பது பேர். ஒருத்தர் கூடக் கண்ணை மூடவில்லை.

"சார், ஒரே ஒரு கேள்வி. ஆமா, இல்லன்னு சொன்னாப் போதும்" என்றான் மாரியப்பன். "ரோம்காரர் வருவாரா, மாட்டாரா?"

நான் மடியில் இருந்த தடித்த புத்தகத்தை மூடினேன். அடுத்த அத்தியாயத்தை நான் இன்னும் படித்திருக்கவில்லை. அதைச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

"வருவாரு. கட்டாயம் வருவாரு. வரலைன்னா நான் மீசைய எடுத்துர்றேன்."

பஸ்ஸே கைதட்டியது. மூன்றாவது வரிசையில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த தங்கராசு மட்டும் தட்டவில்லை. வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். அதை நான் அப்போது கவனித்தேனா என்றால், கவனித்தேன். பொருட்படுத்தவில்லை.

மருந்துத் தாள் படித்த காலம்

சென்ற வாரம் இந்தத் தொடரில் தொழிலாளர் காம்ப் சமையலறையைப் பற்றி எழுதியிருந்ததைப் படித்துவிட்டு அல் கோபாரிலிருந்து ஒரு வாசகர், "ரசத்துக்கு ஒரு வாரம் ஒதுக்கினீர்கள், புத்தகத்துக்கு எப்போது ஒதுக்குவீர்கள்?" என்று கேட்டிருந்தார். குத்தல்தான். ஆனாலும் நியாயமான குத்தல்.

வளைகுடாவுக்கு வந்த புதிதில் தோஹா தொழில்பேட்டையில் ஒரு டயர் கடையில் இருந்தேன். அங்கே எனக்குப் படிக்க எதுவும் கிடைக்கவில்லை. போனில் படம் பார்க்கலாம், பாட்டுக் கேட்கலாம். நான் அச்சில் படித்துப் பழகியவன். பரோட்டா சுற்றி வந்த மலையாளப் பேப்பரை எழுத்துக் கூட்டிப் படித்தேன். இருமல் மருந்துப் பெட்டிக்குள் மடித்து வைத்திருப்பார்களே, அந்தத் தாளை ஒரு எழுத்து விடாமல் படித்தேன். அந்த மருந்து யார் யாருக்கு ஆகாது என்று இன்றைக்குக் கேட்டாலும் சொல்வேன்.

பிறகு ஷார்ஜா தொழில்பேட்டைக்கு வந்து, சாரம் கட்டும் கம்பெனி ஒன்றில் ஸ்டோர் கீப்பர் ஆனேன். பைப், பைப்களைப் பூட்டும் கிளாம்ப், பலகை, கையுறை எல்லாம் என் பொறுப்பு. சைட் ஜெபல் அலி தாண்டி இருந்தது. ஆட்களோடு ஆளாக நானும் பஸ்ஸில்தான் போய்வருவேன்.

ஊருக்கே திரும்பிப் போய்விட்ட ஒரு இன்ஜினியர், தன் கேபினில் ஒரு அட்டைப்பெட்டியை விட்டுப் போயிருந்தார். உடைந்த ஹெல்மெட்டுக்கும் காய்ந்துபோன பேனாக்களுக்கும் அடியில் அந்த நாவல் கிடந்தது. ஆங்கிலம். அறுநூறு பக்கத்துக்கு மேல். அட்டையும் முன் பக்கங்களும் கிழிந்து போயிருந்ததால், தலைப்பு என்ன, எழுதியவர் யார் என்று எனக்கு இன்று வரை தெரியாது. ஒரு ரோமானியப் படைத் தலைவர் சின்ன அதிகாரியாகத் தொடங்கி எப்படி நாட்டின் உச்சிக்குப் போனார் என்பதுதான் கதை.

நான் அதை வைத்துக்கொண்டு பந்தாவாக முன் சீட்டில் உட்கார்ந்திருப்பேன். மாரியப்பன்தான் முதலில் கேட்டான்.

"என்னங்க சார், பரீட்சையா?"

"பரீட்சை இல்ல. கதைப் புத்தகம்."

"கதைக்கா இம்புட்டுப் பெரிய புக்கு? அப்ப சத்தமாச் சொல்லுங்க. போன்ல நெட்டு தீந்து போச்சு."

இப்படித்தான் ஆரம்பித்தது. மத்தியான வேளையில் படிப்பேன், சாயங்காலம் டிராபிக்கில் சொல்வேன். சொல்லச் சொல்லத்தான் தெரிந்தது, எனக்குள் இவ்வளவு பெரிய கதாகாலட்சேபக்காரன் இருந்திருக்கிறான் என்று. கொஞ்சம் தலைக்கனமும் வந்துவிட்டது.

ரூமுக்கு எட்டுப் பேர்

அந்தப் படைத் தலைவருக்கு நாவலில் மூன்று துண்டாக ஒரு பெயர். இரண்டு நாள் முயன்று பார்த்துவிட்டு எல்லோரும் கைவிட்டார்கள். காம்ப்பில் ஆளுக்குப் பெயர் முக்கியமில்லை, ஊர்தான் முக்கியம். மாரியப்பன் பரமக்குடி. தங்கராசு கள்ளக்குறிச்சி. நானே கொஞ்ச காலம் 'அறந்தாங்கி'யாக இருந்துவிட்டுத்தான் 'ஸ்டோர் சார்' ஆனேன். அந்த வழக்கப்படி அவர் ரோம்காரர் ஆனார்.

"இவங்கதான சார் நம்ம ஊரு மொளகு வாங்குனவங்க? ஸ்கூல்ல படிச்சிருக்கோம்" என்றார் தங்கராசு. அவருக்கு நாற்பத்திரண்டு, நாற்பத்துமூன்று வயது இருக்கும். ஏழு பேர் கொண்ட ஒரு கேங்குக்கு சார்ஜ் ஹேண்ட், அதாவது அவர்களோடு சேர்ந்து வேலையும் செய்து அவர்களை வழிநடத்தவும் செய்கிறவர். மாரியப்பனும் அந்த ஏழில் ஒருத்தன். ஏழும் ஒன்றும் எட்டு. எட்டுப் பேரும் ஒரே ரூம், ஒரே குக்கர்.

ரோமானியப் படையிலும் ஒரு கூடாரத்துக்கு எட்டுப் பேர்தான் என்று நாவலில் ஒரு இடத்தில் வந்தது. எட்டுப் பேருக்குச் சேர்த்து ஒரு திரிகை, ஒரு கோவேறு கழுதை. இதைச் சொன்னதும் பஸ்ஸில் ஒரே ஆரவாரம். ஏதோ சொந்தக்காரர்களைக் கண்டுபிடித்த மாதிரி.

"அங்கயும் எட்டா! சமையல் யாரு, முறை வச்சா?"

"கறி உண்டா சார்?"

"லீவு எத்தன வருஷத்துக்கு ஒருக்கா?"

நாவலாசிரியர் இதையெல்லாம் யோசித்து எழுதியிருக்கவில்லை. போர்க்களம் என்றால் பத்துப் பக்கம் எழுதுவார், சாப்பாடு என்றால் ஒரு வரியில் முடித்துவிடுவார். நான் புரட்டிப் புரட்டித் தேடினேன். கோதுமை ரொட்டிதான் பெரும்பாலும். லீவு என்று ஒன்று இருந்ததாகவே தெரியவில்லை. இருபது வருஷம் போல சர்வீஸ். அது முடியும் வரை கல்யாணம் செய்துகொள்ளக் கூடாது என்றும் இருந்தது.

"நம்ம மட்டும் பண்ணிக்கிட்டு என்ன வாழுது" என்று பின்னாலிருந்து ஒருத்தர் சொன்னார். சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு சீக்கிரம் நின்றுபோனது.

டிரைவர் குல் பாய் பெஷாவர் பக்கத்துக்காரர். தமிழ் தெரியாது. இவர்கள் எதற்குச் சிரிக்கிறார்கள் என்று தெரியாமல் அவருக்கு இருப்புக் கொள்ளாது. அதனால் தினமும் கடைசியில் அவருக்கு இந்தியில் ஒரு சுருக்கம் கொடுப்பேன்.

"யே ஜெனரல் அச்சா ஆத்மி ஹை?" என்று ஒருநாள் கேட்டார், இந்த ஜெனரல் நல்ல மனுஷனா என்று.

"பஹுத் அச்சா, பாய்."

"அச்சா ஆத்மி ஜெனரல் நஹி பன்தா" என்றார். நல்ல மனுஷன் ஜெனரல் ஆக மாட்டான் என்பது அவர் கட்சி. ஜெனரல்களைப் பற்றி அவருக்கு என்னைவிட அதிகம் தெரிந்திருக்கலாம்.

பாலத்தில் ஒரு தப்பு

எங்கள் ஆட்களுக்கு மிகவும் பிடித்த பகுதி எது தெரியுமா? போர் இல்லை. காதலும் இல்லை, இருந்த ஒரு காதலையும் நான் கூச்சப்பட்டு வேகமாகத் தாண்டிவிட்டேன். ரோமானியப் படை நடந்து போகும்போது, தினமும் சாயங்காலம் பள்ளம் தோண்டி, மண் அணைத்து, கட்டை நட்டு ஒரு முகாம் கட்டுவார்களாம். காலையில் அதைப் பிரித்துவிட்டுக் கிளம்புவார்களாம்.

"தெனமும் கட்டி, தெனமும் பிரிக்கிறதா?" என்று தங்கராசு நிமிர்ந்து உட்கார்ந்தார். "அட, நம்ம தொழிலு சார்!"

சாரம் கட்டுகிறவர்களுக்கு அது உண்மையிலேயே பெரிய விஷயம். கொத்தனார் தான் கட்டிய சுவரைக் காட்டலாம். பெயிண்டர் தான் அடித்த வண்ணத்தைக் காட்டலாம். இவர்கள் கட்டியது எதுவும் மிஞ்சாது. கட்டடம் முடிந்தால் முதலில் பிரித்து லாரியில் ஏற்றுவது இவர்கள் வேலையைத்தான். இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்னால் அதே வேலையைச் செய்தவர்கள் உலகத்தையே பிடித்தார்கள் என்றால் சந்தோஷம் வராதா?

பிறகு ரோம்காரர் ஒரு ஆற்றின் மேல் மரப்பாலம் கட்டும் இடம் வந்தது. அதை நான் மூன்று சாயங்காலம் சொல்ல வேண்டியதாயிற்று. கட்டையை ஆற்றுக்குள் எப்படி இறக்கினான்? நேராகவா, சாய்த்தா? குறுக்கே பிரேசிங் கொடுத்தானா, இல்லையா? கயிறா, ஆணியா? எனக்கு அந்த ஆங்கில வார்த்தைகள் பாதிக்குப் பாதி புரியவில்லை. தங்கராசு ஒரு அட்டையில் பென்சிலால் படம் போட்டார். நான் வரிவரியாகப் படிக்க, அவர் கோடு இழுத்தார். கடைசியில் படத்தைத் தூரமாகப் பிடித்துப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார்.

"இது நிக்காது சார். கீழ்த்தண்ணிப் பக்கம் முட்டு இல்ல. மூணா நாளே சாஞ்சிரும். இத எழுதுனவரு கையால ஒரு கிளாம்ப் கூட டைட் பண்ணுனதில்ல."

எனக்கு ஒரே பிரமிப்பு. ஏழாவது வகுப்போடு படிப்பை நிறுத்திய மனிதர், தன்னால் படிக்கவே முடியாத ஒரு புத்தகத்தில் தப்புக் கண்டுபிடித்துவிட்டார். அன்றிலிருந்து அவர் கேள்விகளுக்காகவே நான் கவனமாகப் படிக்க ஆரம்பித்தேன்.

இனி, ரோம்காரர் கதையை விட்ட இடத்துக்கு வருகிறேன். அவர் வீரர்களோடு மண்ணில் படுத்தவர். தன் மூட்டையைத் தானே சுமந்தவர். ஒவ்வொருத்தன் பெயரும் அவருக்குத் தெரியும். ஆரம்பத்திலிருந்து கூடவே வந்த அவருடைய பழைய படைப்பிரிவு, கடல் தாண்டி ஒரு கோட்டையில் எதிரிகள் சூழ மாட்டிக்கொண்டது. "கப்பலும் தானியமும் கொண்டு வருகிறேன், காத்திருங்கள்" என்று சொல்லிவிட்டு அவர் கிளம்பினார். வழியில் ரோமிலிருந்து அழைப்பு வந்தது: படை வேண்டாம், நீ மட்டும் உடனே வா, உச்சப் பதவி உனக்குத்தான். இந்த இடத்தில்தான் அத்தியாயம் முடிந்தது. இந்த இடத்தில்தான் மாரியப்பன் கேட்டான், நான் என் மீசையை அடகு வைத்தேன்.

பன்னிரண்டரை முதல் மூன்று வரை

கோடை மாதங்களில் மதியம் வெயிலில் வேலை செய்யக் கூடாது என்பது இங்கே சட்டம். பன்னிரண்டரைக்கு எல்லோரும் ஓய்வுக் கூடாரத்தில் படுத்துவிடுவார்கள். நான் ஸ்டோரில் கிளாம்ப் மூட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்து புத்தகத்தைப் பிரித்தேன்.

ரோம்காரர் வரவில்லை.

இரண்டாம் தடவை படித்தேன். ஆங்கிலத்தில் எனக்குத்தான் ஏதோ பிடிபடவில்லை என்று நினைத்தேன். இல்லை, தெளிவாகத்தான் எழுதியிருந்தது. விடியும் முன்பு மூடுபனியில் அவர் ரோமுக்குக் கப்பல் ஏறிவிட்டார். வீரர்களுக்கு ஒரு கடிதம் அனுப்பினார். கோட்டையில் இருந்தவர்களில் பாதிப் பேர் பசியில் செத்தார்கள், மீதிப் பேர் சரணடைந்தார்கள். அவர்களுக்கு ஒரே ஒரு பக்கம். அடுத்த பக்கத்தில் ரோமில் மேளதாளத்தோடு வரவேற்பு.

எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. வாரப் பத்திரிகைத் தொடர்கதை படித்து வளர்ந்தவன் நான். முதல் பக்கத்திலிருந்து யாரோடு நடந்து வருகிறோமோ அவன் கைவிட மாட்டான் என்பது என் நம்பிக்கை. சந்தேகமே வந்ததில்லை. நல்லவன் என்று முன்னூறு பக்கம் சொல்லிவிட்டு, ஒரு பக்கத்தில் இப்படிச் செய்வார்களா?

மீசையைத் தடவிப் பார்த்துக்கொண்டேன். (இந்தத் தொடரின் தலைப்பில் வரும் படத்தில் எனக்கு மீசை இல்லாததைப் பற்றிக் கேட்டவர்களுக்கு இதுதான் பதில்.)

அப்போது மாரியப்பன் உள்ளே வந்தான். ஓய்வு நேரத்தில் அவன் ஸ்டோருக்கு வந்ததே இல்லை.

"சார், ரோம்காரர எப்பிடியாச்சும் வர வச்சிருங்க."

"நான் என்னடா வர வைக்கறது? எழுதுனவன் எழுதுனதுதான்."

"இங்கிலீசுல அவன் என்னத்தையும் எழுதிட்டுப் போறான். தமிழ்ல நீங்க சொல்றதுதான எங்களுக்கு?"

"உனக்கு ஏன் இவ்வளவு அக்கறை?"

கதவுப் பக்கம் ஒரு தடவை திரும்பிப் பார்த்தான். "நீங்க கத சொல்லயில நாங்க உங்க மொகத்தப் பாக்குறம்னா நெனக்கிறீங்க? தங்கராசண்ணன் மொகத்தத்தான் சார் பாக்குறோம்."

பிறகுதான் விஷயத்தைச் சொன்னான். தங்கராசுவின் கேங் முழுவதையும் மேற்கே ருவைஸ் பக்கம், ஒரு ஆலையை நிறுத்திவைத்துப் பழுது பார்க்கும் ஆறு மாத ஷட்டவுன் வேலைக்கு அனுப்பப் போகிறார்கள். பாலைவனத்துக்குள் காம்ப், கடினமான வேலை. தங்கராசுவுக்கு மட்டும் வேறு கடிதம் வந்திருக்கிறது. ஷார்ஜா யார்டிலேயே ஃபோர்மேன் வேலை. ஃபோர்மேன் கிரேடு என்றால் தனி ரூம், குடும்பத்தைக் கூட்டிவரவும் கம்பெனி ஏற்பாடு செய்யும். அவர் ஒத்துக்கொண்டால், கேங் கலைந்துவிடும். ஏழு பேரையும் ஆளுக்கொரு கேங்காகப் பிரித்துப் போடுவார்கள். சம்மதமா என்று அவர் அந்த வாரத்துக்குள் சொல்ல வேண்டும்.

"முப்பது மீட்டர் ஒசரத்துல நிக்கிறோம் சார். கீழயிருந்து பைப்ப நீட்டுற கை, தெரிஞ்ச கையா இருக்கணும். பத்து வருசமா அவர் கைதான். அவர்கிட்டப் போய் போகாதீங்கன்னு கேக்க எங்களுக்கு வாய் வரல. அவரும் ஒண்ணும் சொல்ல மாட்டேங்கிறாரு. கதயில அவர் வந்துட்டார்னா, இவருக்கும் மனசு..." முடிக்காமல் நிறுத்தினான்.

டிராபிக்கில் பொழுது போகட்டும் என்று நான் சொன்ன கதை, ஒரு மனிதரை முப்பது பேர் நடுவில் நிறுத்தி வைத்துப் பார்க்கிற இடமாக ஆகியிருந்தது. அதில் நான் வேறு மீசையை வைத்துப் பந்தயம் கட்டியிருந்தேன்.

மாரியப்பனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. அன்று சாயங்காலம் பஸ்ஸில், ரோம்காரர் கோட்டையை நோக்கித்தான் கப்பலைத் திருப்பினார் என்று சொன்னேன். ஆனால் காற்று இல்லை, கப்பல் நடுக்கடலில் நிற்கிறது என்றேன். மறுநாளும் காற்று இல்லை என்றேன். பொய் சொல்வதில் எனக்கு அவ்வளவு பழக்கம் இல்லை. கடலிலேயே நின்றுவிட்டேன்.

இரண்டு ஜோடி கையுறை

மூன்றாம் நாள் மதியம் தங்கராசு ஸ்டோருக்கு வந்தார்.

"ரெண்டு ஜோடி கிளவுஸ் வேணும் சார்."

அவர் கையில் இருந்ததே புதிது. நான் ஒன்றும் கேட்காமல் எடுத்துக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு போகாமல் நின்றார்.

"காத்து இன்னும் அடிக்கலையா?"

நான் பதிவேட்டைப் பார்த்துக்கொண்டே, "இல்ல" என்றேன்.

"எனக்கு மட்டும் சொல்லுங்க சார். புக்குல என்னதான் இருக்கு?"

அந்த முகத்துக்கு முன்னால் பொய் சொல்ல முடியவில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். அவர் ரோமுக்குப் போனது, பதவி கிடைத்தது, கோட்டையில் இருந்தவர்கள் கதி. தங்கராசு ஒரு கிளாம்ப் மூட்டை மேல் உட்கார்ந்து கேட்டார்.

"சொல்லிட்டுப் போனாரா, சொல்லாமலா?"

"சொல்லல. ஒரு லெட்டர் அனுப்பிட்டாரு."

"லெட்டரா?" என்று கொஞ்ச நேரம் யோசித்தார். "அத யாரு படிச்சுக் காட்டுனா? அவங்கள்ல படிக்கத் தெரிஞ்சவன் உண்டா?"

"அது புக்குல இல்லயே, தங்கராசு."

அறுநூறு பக்கம் எழுதியவருக்குத் தோன்றாத கேள்வி. எனக்கும் தோன்றவில்லை.

"எவனோ ஒருத்தன் படிச்சிருப்பான் சார். ஏழெட்டுப் பேரு சுத்தி ஒக்காந்து கேட்டிருப்பானுவ. படிக்கிறவனுக்கு எப்பிடி இருந்திருக்கும்?"

கையுறையை மாட்டுவதும் கழற்றுவதுமாக இருந்தார். பிறகு அவராகவே பேச ஆரம்பித்தார். ஊரில் அவருக்கு ஒரே மகள், அபிநயா. ஒன்பது வயது. இவர் லீவில் போய் அவளோடு இருந்ததெல்லாம் சேர்த்தால் ஏழெட்டு மாதம்தான் வரும்.

"அவ மாமன்கிட்டப் பேசுறதப் பாக்கணும் நீங்க. 'போடா மாமா'ங்கறா. அடிக்கிறா. முடியப் புடிச்சு இழுக்கறா. எங்கிட்ட, 'அப்பா சாப்ட்டீங்களா, நல்லா இருக்கீங்களா'ங்கறா. விருந்தாளிகிட்டப் பேசுற மாதிரி. ஒருநாள் கூட எங்கிட்டச் சண்ட போட்டதில்ல சார். ஒரே ஒரு தடவ எம் பொண்ணு எங்கிட்டச் சண்ட போடணும்."

ஊரில் எனக்கும் ஒரு மகன். அவனும் நீங்க, வாங்கதான்.

"அந்தப் பயலுவ மொகத்தப் பாத்தா எனக்குச் சோறு எறங்கல. மாரி ஒரு வாரமா எனக்கு மட்டும் தனியா மீன் வறுத்து வைக்கிறான். வாயத் தொறந்து கேட்டுட்டான்னாக் கூடப் பரவால்ல."

என்ன செய்யப் போகிறீர்கள் என்று நான் கேட்கவில்லை. கேட்கிற தகுதி எனக்கில்லை என்று பட்டது. கையுறைக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார்.

சாயங்கால பஸ்

அன்றும் அதே இடத்தில் பஸ் நின்றது. நான் தொண்டையைச் செருமினேன். இன்றைக்கும் காற்றை நிறுத்தி வைப்பதா, கப்பலை ஓட்டுவதா என்று எனக்கே தெரியவில்லை.

"சார், இன்னைக்கு நான் சொல்றேன்" என்று தங்கராசு எழுந்து நின்றார்.

சீட்டுக் கம்பியை ஒரு கையால் பிடித்துக்கொண்டார். உயரத்தில் நிற்கும்போது கொஞ்சம் கூட நடுங்காத மனிதர், ஓடாமல் நின்ற பஸ்ஸில் அப்படிப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"காத்துமில்ல, கீத்துமில்ல. சார் நம்ம மனசு நோகக் கூடாதுன்னு இழுத்துக்கிட்டிருக்காரு. ரோம்காரர் வரல. பதவிக்குப் போயிட்டாரு. கோட்டையில இருந்தவங்க பாவம். அவ்வளவுதான் கத."

ஏசியில் தண்ணீர் சொட்டியது கேட்டது.

"நானும் வரல" என்றார். "காலைல ஆபீஸ்ல கையெழுத்துப் போட்டுட்டேன். எம் பொண்ணக் கூட்டியாரணும். வேற காரணம் ஒண்ணுமில்ல. உங்களப் பிரிக்காம அனுப்பச் சொல்லி ரெண்டு தடவ கேட்டேன். நாலு பேர ஒண்ணா அனுப்புறேன்னாங்க. மூணு பேரு வேற வேற கேங்குதான். மாரி, நீயும் அந்த மூணுல ஒருத்தன். திட்டுறதுன்னா இப்பவே திட்டிருங்கடா. நான் எங்கயும் ஓடல."

யாரும் திட்டவில்லை. "க்யா ஹுவா?" என்ன ஆயிற்று என்று குல் பாய் கண்ணாடியில் பார்த்துக் கேட்டார். தங்கராசு கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு உட்கார்ந்தார்.

எனக்கு வெட்கமாக இருந்தது. முப்பது பேருக்குக் கதை சொல்கிறவன் என்ற பெருமை எல்லாம் எங்கே போனது என்று தெரியவில்லை. நான் மூன்று நாளாகச் சொல்ல முடியாததை அந்த மனிதர் மூன்று நிமிடத்தில் சொல்லிவிட்டார், அதுவும் தனக்கு எதிராக. புத்தகத்தைப் பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தேன்.

வண்டிகள் நகரத் தொடங்கின. காம்ப் வந்து சேரும் வரைக்கும் மாரியப்பன் நெற்றியை முன் சீட்டில் முட்டுக் கொடுத்தபடி குனிந்தே இருந்தான். அழுதானா, கோபமா என்று என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை.

கேட்டில் வண்டி நின்றதும் ஒவ்வொருத்தராக இறங்கினார்கள். வழக்கமான தள்ளுமுள்ளு இல்லை. தங்கராசு கீழே இறங்கி, படிக்குப் பக்கத்திலேயே நின்றார். ஒவ்வொருத்தராகத் தன்னைத் தாண்டிப் போவதைப் பார்த்துக்கொண்டு நின்றார். சிலர் அவர் தோளைத் தொட்டார்கள். சிலர் தொடவில்லை.

கடைசியாக மாரியப்பன் இறங்கினான். அவர் முகத்தைப் பார்க்காமல் பத்தடி தாண்டிப் போனான். பிறகு நின்று, திரும்பாமலே, திட்டுகிற குரலில் சத்தமாகச் சொன்னான்.

"இந்த வெயில்ல பாப்பாவக் கூப்புட்டுத் தொலைக்காதீங்க. புள்ள தாங்காது. டிசம்பர்ல வரச் சொல்லுங்க."